குழையும் சுருதி: மை பிளடி வேலன்டைனின் ‘லவ்லெஸ்’

மை பிளடி வேலன்டைன் குழுவின் இரண்டாவது ஸ்டுடியோ ஆல்பமான ‘லவ்லெஸ்’ 1991 நவம்பர் 4 அன்று பிரிட்டனில் வெளிவந்தது. வெளியிட்டது லண்டனைச் சேர்ந்த கிரியேஷன் ரெக்கார்ட்ஸ் என்ற சிறு நிறுவனம். 11 பாடல்கள், மொத்தம் 48 நிமிடங்களுக்குச் சற்றுக் கூடுதல். பிரிட்டிஷ் ஆல்பம் பட்டியலில் அது எட்டிய உச்சம் 24ஆம் இடம்தான். மாற்று ராக் இசையைப் பற்றிப் பேசுகிறவர்கள் இன்று அதைத் தவிர்த்துவிட்டுப் பேச முடியாது. ஆனால் பேச்சு பெரும்பாலும் ஆல்பத்தைப் பற்றியதாக இருப்பதில்லை. இரண்டாண்டுக்கு மேல் இழுத்த பதிவு, 19 ஒலிப்பதிவுக்கூடங்கள், இரண்டரை லட்சம் பவுண்டு செலவு, திவாலின் விளிம்புக்குப் போன நிறுவனம் என்ற கதைதான் முதலில் வருகிறது. அந்தக் கதையைக் கேட்ட காதோடு ஆல்பத்தைக் கேட்பவர், நூற்றுக்கணக்கான கிதார்களை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிய பைத்தியக்காரத்தனம் என்று முடிவு கட்டிவிடுகிறார். ஒலி அப்படித்தான் இருக்கிறது. செய்த விதம் கிட்டத்தட்ட அதற்கு நேரெதிர்.

குழு 1983இல் டப்ளினில் தொடங்கியது. கிதார் வாசித்த கெவின் ஷீல்ட்ஸ் நியூயார்க்கின் குவீன்ஸ் பகுதியில் 1963இல் பிறந்து, பத்து வயதில் பெற்றோருடன் அயர்லாந்துக்கு வந்தவர். டிரம் வாசித்தவர் கோல்ம் ஓ கீசோக். குழுவின் பெயர் 1981இல் வந்த ஒரு கனடியத் திகில் படத்தின் பெயர். தொடக்ககாலப் பாடகரின் விருப்பத்தில் வந்து ஒட்டிக்கொண்டது; பிற்காலத்து இசைக்கும் அதற்கும் ஒட்டுமில்லை உறவுமில்லை. பெர்லின், லண்டன் என்று அலைந்த முதல் சில ஆண்டுகளில் அவர்கள் பதிவுசெய்தவற்றில் நினைவில் நிற்பது குறைவு. 1985இல் பேஸ் கிதாருக்கு டெபி கூஜும், 1987இல் பாடவும் கிதார் வாசிக்கவும் பிலிண்டா பட்சரும் சேர்ந்த பிறகுதான் குழு தன் குரலைக் கண்டது. 1988 ஆகஸ்டில் வந்த ‘யூ மேட் மீ ரியலைஸ்’ என்ற குறுந்தட்டும், அவ்வாண்டு நவம்பரில் வந்த முதல் ஆல்பமான ‘இஸன்ட் எனிதிங்’கும் அவர்களைப் பத்திரிகைகளின் செல்லப்பிள்ளைகளாக்கின. அந்த ஆல்பத்தின் பெரும்பகுதியை வேல்ஸில் ஓர் ஒலிப்பதிவுக்கூடத்தில் சில வாரங்களுக்குள் முடித்துவிட்டார்கள். அடுத்ததும் அப்படித்தான் முடியும் என்று கிரியேஷன் எதிர்பார்த்ததில் வியப்பில்லை.

ஷீல்ட்ஸின் கைக்கு ஒரு புதிய கருவி வந்ததும் அந்த 1988இல்தான். நண்பர் ஒருவரிடமிருந்து இரவல் வாங்கிய ஃபெண்டர் ஜாஸ்மாஸ்டர் கிதார் அது. 1958இல் சந்தைக்கு வந்த இந்த ரகம் ஜாஸ் கலைஞர்களைக் குறிவைத்து வடிவமைக்கப்பட்டது. அவர்களோ அதைச் சீந்தவில்லை. கலிஃபோர்னியாக் கடற்கரையின் சர்ஃப் இசைக்குழுக்கள் எடுத்துக்கொண்டன. இதன் உடலில் நீளமான ஓர் உலோகக் கம்பி செருகப்பட்டிருக்கும். டிரெமலோ கை என்பார்கள். அழுத்தினால் தந்திகளின் இழுவிசை தளர்ந்து சுருதி இறங்கும், விட்டால் பழைய நிலைக்கு ஏறும். ஒரு ஸ்வரத்தை மீட்டிவிட்டு, அது ஒலித்துக்கொண்டிருக்கும்போது கம்பியை லேசாக ஆட்டி அலைவு கொடுப்பதுதான் வழக்கம். அலங்காரம், அவ்வளவே.

ஷீல்ட்ஸ் கம்பியை விடவே இல்லை. தந்திகளை மேலும் கீழும் மீட்டுகிற அதே கையின் பிடிக்குள் அதை வைத்துக்கொண்டார். கை மீட்டும்போதெல்லாம் கம்பியும் அசைகிறது. ஒரு ஸ்வரம் மட்டுமல்ல, ஆறு தந்திகளிலும் ஒலிக்கும் முழு கார்டுமே இறங்கி ஏறிக்கொண்டிருக்கிறது. நாடா இழுபட்ட கேசட்டைக் கேட்டவர்களுக்கு இந்த உணர்வு தெரிந்திருக்கும். கேசட்டில் அது கோளாறு, தாளமும் கூடவே தள்ளாடும். இங்கே தாளம் கல்லாக நிற்கிறது. சுருதி மட்டும் குழைகிறது.

ஆல்பத்தின் அடர்த்திக்கு இந்தக் குழைவுதான் வேர். ஆறு தந்திகளும் ஒரே தடிமன் கொண்டவையல்ல. கம்பியை அழுத்தும்போது எல்லாத் தந்திகளும் ஒரே அளவு இறங்குவதில்லை. சில அதிகம் இறங்கும், சில குறைவாக. எனவே கார்டுக்குள்ளேயே ஸ்வரங்களின் உறவு கணத்துக்குக் கணம் மாறுகிறது. சற்றே விலகிய இரண்டு சுருதிகள் சேர்ந்து ஒலித்தால் அவற்றுக்கிடையே ஓர் அதிர்வு, ஒரு துடிப்பு கேட்கும். இசைக்கருவிக்குச் சுருதி சேர்ப்பவர்கள் எல்லோருக்கும் பழகிய விஷயம் இது. அதை ஃபஸ் எனப்படும் உருக்குலைப்புக் கருவி வழியாகச் செலுத்தினால், அந்தச் சுருதிகளின் கூட்டலும் கழித்தலுமாகப் புதிய அதிர்வெண்கள் முளைக்கின்றன. யாரும் வாசிக்காத ஸ்வரங்கள் காதில் விழுகின்றன. ஒற்றைக் கிதார் ஒரு கூட்டமாகக் கேட்பது இதனால்தான். சராசரிக் குழுக்களின் மாதிரிப் பதிவுகளில் இருக்கும் கிதார் தடங்களைவிட ‘லவ்லெஸ்’ பாடல்களில் இருப்பவை குறைவு என்று ஷீல்ட்ஸ் பின்னாளில் பேட்டிகளில் சொன்னபோது பலரும் நம்பத் தயங்கினார்கள். கணக்கு அவர் பக்கம்தான் இருக்கிறது. சுருதி விலகிய கிதார்களைப் பத்துத் தடங்களில் அடுக்கினால் துடிப்புகள் ஒன்றையொன்று அழித்துக்கொண்டு வெறும் இரைச்சலாகச் சமன்பட்டுவிடும். ஓரிரண்டில்தான் அலை அலையாகத் தெரியும்.

இன்னொரு பாதி வேலையைச் செய்தது ரீவெர்ப் கருவி. வழக்கமான ரீவெர்ப் ஒரு பெரிய மண்டபத்தின் எதிரொலியைப் போலி செய்கிறது: ஒலி பிறக்கிறது, பிறகு மெல்லத் தேய்கிறது. யமஹாவின் எஸ்பிஎக்ஸ் 90 போன்ற எண்பதுகளின் டிஜிட்டல் கருவிகளில் இதைத் தலைகீழாக்கும் அமைப்பு ஒன்று உண்டு. அதில் எதிரொலி சிறிதாகத் தொடங்கி வீங்கிக்கொண்டே போய்ச் சட்டென்று அறுபடும். ஷீல்ட்ஸ் மூல ஒலியைத் தணித்துவிட்டு, பெரும்பாலும் இந்த வீங்கும் எதிரொலியையே கேட்க வைத்தார். தந்தியில் பிளெக்ட்ரம் படும் ‘டங்’ என்ற தொடக்கம் அதோடு காணாமல் போகிறது. மனிதக் காது ஒரு கருவியை அடையாளம் காண்பது பெரிதும் அந்தத் தொடக்கத்தை வைத்துத்தான். அது போனபின் மிஞ்சுவதைக் கிதார் என்பதா, ஆர்கன் என்பதா, கூட்டுக்குரல் என்பதா என்று காதுக்குப் பிடிபடுவதில்லை. நாடாவைத் தலைகீழாக ஓட்டியிருக்கிறார்கள் என்று பல காலம் எண்ணிக்கொண்டவர்கள் உண்டு. அப்படியல்ல, பெரும்பாலும் நேராக, கையால், அப்போதைக்கப்போது வாசித்தது.

அந்தக் காலத்து ஒலிப்பதிவாளர்களின் கைப்பழக்கம் வேறு. கோரஸ் போன்ற சுருதியை ஆட்டும் மின்கருவிகளைப் போட்டு, கிதாரை இடமும் வலமுமாக விரித்துப் பெரிதாக்குவார்கள். ஷீல்ட்ஸ் அவை எதுவும் வேண்டாம் என்றார். கிதார் நடுவிலேயே, மோனோ பதிவுகளில் இருப்பதுபோல ஒரே இடத்தில் நின்றது. அறுபதுகளின் பாப் பதிவுகள் அவருக்கு முன்மாதிரி. இவ்வளவு பிரம்மாண்டமாகக் கேட்கும் ஓர் ஆல்பம் ஸ்டீரியோ அகலத்தை ஏறக்குறைய மறுத்துவிட்டது என்பதை ஹெட்போனில் கேட்டுப் பார்த்தால்தான் நம்ப முடியும்.

பதிவு 1989 பிப்ரவரியில் லண்டனின் சதர்க் பகுதியிலுள்ள பிளாக்விங் ஒலிப்பதிவுக்கூடத்தில் தொடங்கியது. ஐந்து நாட்களில் முடியும் என்று கிரியேஷன் நினைத்தது. மாதங்கள் போயின, கூடங்கள் மாறின. ஒரு கூடத்தில் ஒலி சரியில்லை என்று அடுத்ததுக்கு, அங்கிருந்து அடுத்ததுக்கு. சில இடங்களில் ஒரு டம்பூரினைப் பதிவு செய்ததோடு சரி. பணியமர்த்தப்பட்ட ஒலிப்பதிவாளர்கள் பலருக்குக் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பதே வேலையாக இருந்தது. ஷீல்ட்ஸ் யாரையும் எதையும் தொடவிடவில்லை. ஆல்பத்தின் உறையில் அவர்கள் எல்லோருக்கும் நன்றியோடு இடம் கிடைத்தது. தேநீர் போட்டவர்கூட விடுபடவில்லை என்று அவரே பின்னாளில் சொன்னார். உண்மையில் பங்களித்தவர்களாக அவர் குறிப்பிட்டவர்கள் ஆலன் மோல்டர், அஞ்சலி தத் போன்ற ஒரு சிலரே. வேலை உருப்படியாக நடக்கிறது என்று நிறுவனத்துக்குக் காட்ட இரண்டு குறுந்தட்டுகள் இடையில் வந்தன: 1990 ஏப்ரலில் ‘கிளைடர்’, 1991 பிப்ரவரியில் ‘டிரெமலோ’. ஆல்பத்தின் மிகச் சிறந்த இரண்டு பாடல்களும் அவற்றில்தான் முதலில் வெளியாயின.

அவ்வளவு காலம் எதற்குப் போயிற்று? அடுக்குவதற்கல்ல, தீர்மானிப்பதற்கு. ஒரு கார்டு எவ்வளவு குழையலாம், எங்கே குழையக் கூடாது, குரல் கிதாருக்குள் எவ்வளவு அமிழலாம் என்பதையெல்லாம் கேட்டுக் கேட்டுத்தான் முடிவு செய்ய முடியும்; கேட்பதற்கு நாள் பிடிக்கும். உடலும் ஒத்துழைக்கவில்லை. ஷீல்ட்ஸுக்கும் பட்சருக்கும் காதிரைச்சல் நோய் வந்து வாரக்கணக்கில் வேலை நின்றது. ஓ கீசோக் நோயிலும் சொந்த வாழ்க்கைச் சிக்கல்களிலும் விழுந்து, தொடர்ந்து வாசிக்க முடியாத நிலையில் இருந்தார். அவர் வாசித்த துண்டுகளைச் சாம்ப்ளர் என்ற ஒலித்துண்டுக் கருவியில் ஏற்றி, அவற்றைக் கோத்துத்தான் பெரும்பாலான பாடல்களின் தாளம் கட்டப்பட்டது. டெபி கூஜின் பெயர் உறையில் இருக்கிறது. அவர் வாசிப்பு ஆல்பத்தில் இல்லை. பேஸ் பகுதிகளையும் ஷீல்ட்ஸே வாசித்துவிட்டார். நான்கு பேர் பெயரில் வந்தாலும், பட்சரின் குரலையும், ஓ கீசோக் தனியாக இயற்றிய ‘டச்ட்’ என்ற ஒரு நிமிடத் துண்டையும் ஒதுக்கிவிட்டால், இது ஒற்றை ஆளின் ஆல்பம். குழுவாகச் சேர்ந்து வாசிக்கும் சூடு இதில் கிடையாது. ‘இஸன்ட் எனிதிங்’கில் அது இருந்தது, அந்த வகையில் ஓர் இழப்புதான்.

குரல் பதிவுக்கு வேறு ஒழுங்கு. பாடும் அறைக்கும் ஒலிப்பதிவாளர் அறைக்கும் நடுவிலிருக்கும் கண்ணாடியைத் திரை போட்டு மறைத்தார்கள். பாடுவதை வெளியிலிருந்து கேட்கவும் அனுமதியில்லை. இரவெல்லாம் விழித்திருந்து, விடியும் நேரத்தில் தூங்கி எழுந்த கையோடு பட்சர் பாடிய பகுதிகள் உண்டு. அந்தத் தூக்கக் கலக்கம் குரலில் அப்படியே ஒட்டியிருக்கிறது. ‘வென் யூ ஸ்லீப்’ பாடலை ஷீல்ட்ஸ் பத்து முறைக்கும் மேல் பாடினார். எதைத் தேர்வது என்று அலுத்துப்போய், எல்லாவற்றையும் ஒன்றாக ஓடவிட்டார். பாடுவது ஆணா பெண்ணா என்று சொல்ல முடியாத குரல் பிறந்தது இப்படித்தான். கிதார் விஷயத்தில் சிக்கனம் பிடித்தவர் குரலில் தாராளம் காட்டியிருக்கிறார். குரல்களின் ஒலியளவோ கிதாருக்கு மேலே எழும்புவதில்லை. சொற்கள் புரிவதில்லை என்பது அக்காலத்து விமர்சனங்களில் திரும்பத் திரும்ப வந்த குறை. உயிரெழுத்துகள் மட்டும் தெளிவாகக் கேட்கின்றன, மெய்கள் மூழ்கிவிடுகின்றன. மெட்டு முழுசாக மிஞ்சுகிறது. எல்லாப் பாடல்களின் அடியிலும் முணுமுணுக்கக்கூடிய, எளிய, ஏறக்குறைய குழந்தைத்தனமான பாப் மெட்டுகள் இருப்பதால்தான் மேலே நடக்கும் கலவரத்தைக் காது தாங்குகிறது.

முதல் பாடலான ‘ஒன்லி ஷாலோ’ நான்கு ஸ்னேர் அடிகளோடு தொடங்கி, மூச்சு விடுமுன் முகத்தில் அறைகிறது. அந்தக் கிதார் ஒலிக்காக இரண்டு ஆம்ப்ளிஃபயர்களை எதிரெதிரே முகம் பார்க்க வைத்து, இரண்டிலும் ஒலியளவைத் துடிக்க வைக்கும் விளைவை ஓடவிட்டுப் பதிவு செய்தார்கள். பிறகு சாம்ப்ளரில் ஏற்றி ஒரு ஸ்தாயி உயர்த்தினார்கள். பிளிறல் போன்ற அந்த ஒலி ஓய்ந்ததும் பட்சரின் குரல் எந்தப் பதற்றமும் இல்லாமல் வருகிறது. இந்த இரட்டை நிலைதான் மொத்த ஆல்பத்தின் இயல்பு: மிக உரத்த இசை, மிகத் தாழ்ந்த குரல், இரண்டும் ஒரே அளவில்.

நான்காவது பாடல் ‘டு ஹியர் நோஸ் வென்’ இந்த முறையின் எல்லை. தாளம் ஏதோ அடுத்த வீட்டில் நடப்பதுபோலத் தொலைவில் இருக்கிறது. அடியில் ஒரு முழக்கம், மேலே குழையும் கிதார்ப் படலம், இடையில் பட்சரின் குரல். எது முன்னால், எது பின்னால் என்று பிரிக்க முடிவதில்லை. கார்டுகள் மாறுவதே தெரியாமல் மாறுகின்றன. கவனித்துக் கேட்டால் சுற்று சுற்றாகத் திரும்பும் ஒரு தாலாட்டின் கட்டுமானம் கிடைக்கிறது. முதல் முறை கேட்பவர் ஒலிபெருக்கி கெட்டுவிட்டதோ என்று எழுந்து பார்ப்பார். ஆல்பத்தை விரும்பாதவர்கள் சுட்டிக்காட்டுவதும் இந்தப் பாடலைத்தான், விரும்புகிறவர்கள் சுட்டிக்காட்டுவதும் இதையேதான்.

‘ஐ ஒன்லி செட்’ தேவைக்கு மேல் நீள்கிறது என்று சொல்ல இடமுண்டு. ‘சம்டைம்ஸ்’ டிரம் முன்னுக்கு வராத பாடல். மீட்டும் கிதாரும் ஷீல்ட்ஸின் தனிக்குரலுமாக நகர்கிறது. 2003இல் சோஃபியா கொப்போலா தம் ‘லாஸ்ட் இன் டிரான்ஸ்லேஷன்’ படத்தில் இதைப் பயன்படுத்தினார். ஆல்பம் வந்தபோது சிறுபிள்ளைகளாக இருந்த ஒரு தலைமுறை இந்தக் குழுவை அறிந்தது அதன் வழியாகத்தான். பாடல்களுக்கு இடையே வெறுமை விடவில்லை. சாம்ப்ளரில் ஏற்றிய கிதார்ப் பின்னூட்டத்தையும் குரல் துண்டுகளையும் விசைப்பலகையில் வாசித்து உண்டாக்கிய, புல்லாங்குழலை ஒத்த சிறு சுழல்கள் ஒன்றிலிருந்து ஒன்றுக்குக் கொண்டுபோகின்றன. கடைசிப் பாடலான ‘சூன்’ ஏழு நிமிடம். நடன அரங்குகளின் தாளம் அதில் முழுசாக இறங்கியிருக்கிறது. பிரிட்டனில் அப்போது ஹவுஸ் இசையின் அலை ஓடிக்கொண்டிருந்தது. டிஜே ஆண்ட்ரூ வெதராலும் இதற்கு ஒரு ரீமிக்ஸ் செய்தார். பாப் இசைக்கு இது ஒரு புதிய அளவுகோல் என்று இசைத் தயாரிப்பாளர் பிரையன் ஈனோ பாராட்டினார். இவ்வளவு மங்கலான ஒன்று விற்பனைப் பட்டியலில் ஏறியதே இல்லை என்பது அவர் கருத்து.

எல்லாம் பதிவான பிறகும் முடியவில்லை. தொகுப்பு வேலைக்குக் கிடைத்த, முன்பு திரைப்பட வசனங்களை வெட்ட உதவிய பழைய இயந்திரம் ஆல்பம் முழுவதையும் ஒலிப்பொருத்தம் பிசகச் செய்துவிட்டது. ஷீல்ட்ஸ் நினைவிலிருந்து மீண்டும் கோத்தார். ஒரு நாளில் முடிய வேண்டிய மாஸ்டரிங் என்ற இறுதி மெருகேற்றல் 13 நாள் பிடித்தது.

இரண்டரை லட்சம் பவுண்டு என்ற தொகை எங்கிருந்து வந்தது என்பதில் இன்றுவரை இழுபறிதான். ஷீல்ட்ஸ் அதை மறுத்தே வந்திருக்கிறார்; செலவு அதைவிட வெகுவாகக் குறைவு, அதிலும் பெரும்பகுதி குழுவினர் அத்தனை காலம் சாப்பிட்டு வாழ்ந்ததற்கான செலவு என்பது அவர் வாதம். கிரியேஷனை நடத்திய ஆலன் மெக்கீயிடம் பணம் தாராளமாக இருந்ததில்லை என்பது மட்டும் நிச்சயம். அதே 1991இன் இலையுதிர்காலத்தில் அந்த நிறுவனம் பிரைமல் ஸ்க்ரீமின் ‘ஸ்க்ரீமடெலிகா’வையும் டீனேஜ் ஃபேன்கிளப்பின் ‘பேண்ட்வேகனெஸ்க்’கையும் வெளியிட்டது. இவ்வளவும் செய்துவிட்டு அடுத்த ஆண்டே பங்கில் ஏறக்குறைய பாதியை சோனிக்கு விற்றது. அதற்குள் மெக்கீ மை பிளடி வேலன்டைனைக் கைகழுவியிருந்தார். திவால் கதையில் உண்மை எவ்வளவாக இருந்தாலும், பத்திரிகைகளுக்கு அது வசதியாக இருந்தது. கலைஞனின் கிறுக்கை எழுதுவது சுலபம். டிரெமலோ கையின் இயக்கத்தை எழுதுவது சுலபமில்லை.

விமர்சகர்கள் வரவேற்றார்கள், விற்பனை சுமார். காலமும் சாதகமாக இல்லை. ஆறு வாரம் முன்புதான் நிர்வாணாவின் ‘நெவர்மைண்ட்’ வந்திருந்தது; பிரிட்டிஷ் பத்திரிகைகள் விரைவிலேயே அமெரிக்கப் பக்கம் திரும்பின. ரைட், ஸ்லோடைவ், லஷ் முதலான குழுக்களோடு சேர்த்து இவர்களுக்கும் ‘ஷூகேஸ்’ என்ற கேலிப்பெயர் சூட்டப்பட்டிருந்தது. மேடையில் காலடியிலுள்ள மின்கருவிகளையே குனிந்து பார்த்துக்கொண்டு வாசிப்பார்கள் என்பதற்காக. தொண்ணூறுகளின் நடுவில் பிரிட்பாப் வந்து அந்த வகையையே ஓரங்கட்டியது. மதிப்பு ஏறியது அதற்குப் பிறகு, மெதுவாக. 1999இல் பிட்ச்ஃபோர்க் இதழ் தொண்ணூறுகளின் சிறந்த ஆல்பமாக இதை முதலிடத்தில் வைத்தது. 2003இல் பட்டியலைத் திருத்தியபோது ரேடியோஹெட்டின் ‘ஓகே கம்ப்யூட்டர்’ முதலிடத்துக்கு வர, இது இரண்டாவதாயிற்று.

பின்பற்றியவர்கள் ஏராளம். அவர்களில் பலரும் ஷீல்ட்ஸ் வேண்டாம் என்று ஒதுக்கியவற்றைக் கொண்டே இந்த ஒலியைப் பிடிக்கப் பார்த்தார்கள்: கோரஸ், ஸ்டீரியோ விரிவு, தடத்துக்கு மேல் தடம். கிடைத்தது பெரும்பாலும் இனிமையான மூட்டம். ஆலன் மோல்டர் 1993இல் கலவை செய்த ஸ்மாஷிங் பம்ப்கின்ஸின் ‘சயமீஸ் ட்ரீம்’ அடுக்குவதை வெளிப்படையாகவே ஏற்றுக்கொண்டு வேறொரு திசையில் போனது. அது நேர்மையான வழி.

குழு 1992 அக்டோபரில் ஐலண்ட் ரெக்கார்ட்ஸோடு ஒப்பந்தம் செய்து, தென் லண்டனின் ஸ்டிரெத்தமில் சொந்தமாக ஒரு கூடம் கட்டியது. அங்கிருந்து ஆல்பம் எதுவும் வெளிவரவில்லை. கூஜும் ஓ கீசோக்கும் 1995இல் விலகினர், பட்சர் 1997இல். ஷீல்ட்ஸ் பிரைமல் ஸ்க்ரீமோடு சில காலம் வாசித்தார். அந்த நால்வரும் 2008இல் மறுபடி மேடையேறினார்கள். ஒலியின் உக்கிரத்தை எண்ணி அரங்க வாசலில் காதடைப்பான்கள் கொடுக்கப்பட்டன. மூன்றாவது ஆல்பம் ‘எம் பி வி’ 2013 பிப்ரவரி 2 அன்று, ‘லவ்லெஸ்’ஸுக்கு 21 ஆண்டுகள் கழித்து, அவர்களுடைய இணையதளத்திலேயே வெளியாயிற்று, வந்த கூட்டத்தில் தளம் முடங்கியது. அதற்கு முந்தைய ஆண்டு ‘லவ்லெஸ்’ புதிய மாஸ்டரிங்கோடு இரண்டு குறுவட்டுகளாக வந்தது: ஒன்று பழைய டிஜிட்டல் நாடாவிலிருந்து, மற்றொன்று அதற்கும் முந்தைய அனலாக் நாடாவிலிருந்து. இரண்டிலும் பாடல்கள் அதே பதினொன்றுதான். வேறுபாட்டைக் கேட்க முடிகிறதா என்று ரசிகர்கள் சண்டை போட்டுக்கொண்டிருந்தபோதே, டிஜிட்டல் இடைநிலை எதுவும் இல்லாத எல்பி ஒன்றுக்கான வேலையை ஷீல்ட்ஸ் தொடர்ந்தார். அது 2018இல் வெளிவந்தது.